கிராமக் கடனும் அதைத் தீர்க்க வந்த நிறுவனங்களும்

உழவனுக்குக் கடன் என்பது புதிய செய்தியன்று. விதையை மண்ணில் இடும் நாளுக்கும் நெல்லைக் களத்தில் தூற்றும் நாளுக்கும் இடையே நான்கைந்து மாதங்கள் கிடக்கின்றன. அம்மாதங்களில் உழவு, நடவு, களை, உரம் என்று செலவு மட்டும் உண்டு, வரவு இல்லை. குடும்பத்தின் வயிறு அறுவடைக்காகக் காத்திருப்பதுமில்லை. ஆதலின் உழவன் கடன் வாங்குவதே தவறு என்று உபதேசம் செய்வோர் உழவுத் தொழிலின் இயல்பை அறியாதவர் ஆவர். நெசவாலைக்கு முதலாளிகள் கடன் வாங்குவதை எவரும் ஒழுக்கக் கேடு என்று சொல்வதில்லை.

கடன் எப்பொழுது சமூகத்தின் பிணியாக மாறுகிறது என்பதே கேள்வி. விளைச்சல் முழுவதும் வட்டிக்கே போய், அசல் அசையாமல் நிற்கும்பொழுது அது பிணியாகிறது. தந்தையின் புரோநோட்டு மகனுக்குச் சொத்தாக வரும்பொழுதும், கடனைக் காட்டி ஒருவருடைய நிலத்தையோ உழைப்பையோ மற்றொருவர் கைப்பற்றும்பொழுதும் அது பிணியாகிறது. இந்தப் பிணிக்கு நூற்றைம்பது ஆண்டுகளாகப் பல நிறுவனங்கள் மருந்து கொண்டுவந்தன. நீதிமன்றம் ஒன்று சொன்னது; கூட்டுறவுச் சங்கம் ஒன்று சொன்னது; சட்டசபை ஒன்று செய்தது; வங்கி மற்றொன்று செய்தது. ஒவ்வொன்றும் நோயைத் தன் கண்கொண்டே பார்த்தது. அவற்றின் வரலாற்றைப் பஞ்சாயத்து உறுப்பினர்களும் விவசாயிகளும் சற்று விரிவாக அறிந்துகொள்வது நலம் என்று கருதுகிறோம்.

தக்காணத்தில் எரிந்த பத்திரங்கள்

ஆங்கிலேயர் ஆட்சியில் நிலவரி பணமாகவே செலுத்தப்பட வேண்டும் என்ற விதி உறுதிப்பட்டது. மழை பெய்தாலும் பொய்த்தாலும் தவணை தவறலாகாது. அதே காலத்தில், கடன் கொடுத்தவர் நீதிமன்றத்தில் தீர்ப்புப் பெற்று நிலத்தை ஏலத்துக்குக் கொண்டுவரவும் வழி பிறந்தது. முன்னாளில் கடன் கொடுத்தவரும் வாங்கியவரும் ஒரே ஊரின் கட்டுப்பாட்டுக்குள் இருந்தனர். இப்பொழுதோ ஒருவர் கையில் பத்திரமும் அதன் பின்னால் அரசாங்கத்தின் முழு வலிமையும் இருந்தன. மற்றவரோ, தாம் கைந்நாட்டு வைத்த பத்திரத்தில் என்ன எழுதியிருக்கிறது என்பதையே அறியாதவர்.

இதன் விளைவு 1875-ஆம் ஆண்டு மே 12-ஆம் நாள் பூனா ஜில்லாவைச் சேர்ந்த சூபா என்னும் ஊரில் வெளிப்பட்டது. குடியானவர்கள் திரண்டு லேவாதேவிக்காரர்களின் வீடுகளையும் கடைகளையும் சூழ்ந்து, கடன் பத்திரங்களைக் கேட்டுப் பறித்துத் தீயிட்டனர். கலகம் பக்கத்து ஊர்களுக்கும் ஆமதுநகர் ஜில்லாவுக்கும் பரவியது. ஆட்களைத் தாக்குவதைவிடப் பத்திரங்களை அழிப்பதிலேயே கூட்டத்தார் கருத்தாக இருந்தனர் என்பது கவனிக்கத்தக்கது. தம்மைக் கட்டியிருந்த கயிறு எது என்பதில் அவர்களுக்கு ஐயமில்லை.

அரசாங்கம் முதலில் இதை அமைதிக் குலைவாகவே கண்டு போலீசையும் படையையும் அனுப்பியது. பின்னர் விசாரணைக் குழு ஒன்றை அமைத்தது. அதன் வழியே 1879-இல் தக்காண விவசாயிகள் நிவாரணச் சட்டம் வந்தது. பத்திரத்தில் எழுதிய தொகையை அப்படியே ஏற்காமல், கடனின் முழு வரலாற்றையும் நீதிமன்றம் ஆராயலாம் என்று அச்சட்டம் இடம் கொடுத்தது. கடனுக்காக உழவனைச் சிறையில் அடைப்பதும் தடுக்கப்பட்டது. இவை நல்ல விதிகளே. எனினும் அடுத்த விதைப்புக்கு விதைநெல் வாங்கப் பணம் எங்கே என்ற கேள்விக்குச் சட்டத்தில் விடையில்லை. பழைய கடனைக் குறைப்பது ஒரு வேலை. புதிய கடனுக்கு நேர்மையான வழி காட்டுவது மற்றொரு வேலை. இவ்விரண்டையும் ஒன்றென எண்ணி ஏமாந்த நிகழ்ச்சிகள் பின்னரும் பலமுறை நேர்ந்தன.

ஒரு கிராமத் தலைவர் கண்ட வழி

இந்த இரண்டாவது வேலைக்கு வழி கண்டவர் ஜெர்மனியைச் சேர்ந்த ரெய்பைசன் என்பவர். 1818-இல் பிறந்த அவர் பெரிய வங்கிக்காரர் அல்லர். பொருளாதாரப் பேராசிரியரும் அல்லர். நம் ஊர்ப் பஞ்சாயத்துத் தலைவரைப் போன்று, வையர்புஷ் என்னும் ஊரையும் அதன் சுற்று வட்டத்தையும் நிர்வகித்த தலைவர். பஞ்சாயத்து உறுப்பினர்கள் அவரைத் தம்மில் ஒருவராகவே எண்ணிக்கொள்ளலாம்.

1846-47-ஆம் ஆண்டுக் குளிர்காலத்தில் அவ்வட்டாரத்தைப் பஞ்சம் பிடித்தது. மேலிடத்திலிருந்து தானியம் வந்தது. கையில் பணம் கொடுப்போர்க்கே விற்க வேண்டும் என்ற உத்தரவும் உடன் வந்தது. பணம் இருந்தால் பஞ்சம் ஏது? ரெய்பைசன் உத்தரவைப் பாராமல் ஏழைகளுக்குக் கடனாகக் கொடுத்தார். ஊரில் வசதி உள்ளவர்களைச் சேர்த்து நிதி திரட்டி, ரொட்டி சுடும் அடுப்பு ஒன்றைக் கட்டிக் குறைந்த விலைக்கு ரொட்டி வழங்கினார். பின்னர் வேறோர் ஊருக்கு மாற்றலாகிச் சென்றபொழுது, உழவர்கள் மாடு வாங்கித் தவணையில் பணம் கட்டச் சங்கம் ஒன்றை நிறுவினார்.

இவையெல்லாம் செல்வர்களின் ஈகையை நம்பி நின்ற ஏற்பாடுகள். ஈகை சில ஆண்டுகளில் களைத்துவிட்டது. தமக்கு ஒரு பயனும் இல்லாத கடனுக்குத் தாம் ஏன் என்றென்றும் பிணை நிற்க வேண்டும் என்று செல்வர்கள் கேட்கலாயினர். அக்கேள்வியில் நியாயம் இல்லாமலுமில்லை. 1864-இல் ஹெட்டஸ்டார்ப் என்னும் ஊரில் ரெய்பைசன் தம் ஏற்பாட்டைத் தலைகீழாக மாற்றினார். கடன் வாங்குவோரே உறுப்பினராக இருக்க வேண்டும். ஒருவர் கடனுக்கு அனைவரும் பொறுப்பு. ஒரு சங்கத்தின் எல்லை ஒரு சிற்றூர் அளவே. நிர்வாகிகளுக்குச் சம்பளம் இல்லை. கணக்கருக்கு மட்டும் உண்டு. என்ன காரியத்துக்குக் கடன் என்பதைச் சொல்லியே வாங்க வேண்டும். வாங்கிய காரியத்துக்கே செலவிட வேண்டும். இலாபத்தைப் பங்கிடாமல் பொது நிதியில் சேர்க்க வேண்டும்.

எல்லை ஏன் இவ்வளவு சிறிதாக வைக்கப்பட்டது என்று சிலர் கேட்கலாம். ஏழைக்கு ஈடு கொடுக்க நிலம் இல்லை, நகை இல்லை. அவனிடம் உள்ளது நாணயம் ஒன்றே. ஒருவனுடைய நாணயம் அவன் அண்டை வீட்டாருக்குத் தெரியும்; பத்து மைலுக்கு அப்பால் உள்ள அலுவலகத்துக்குத் தெரியாது. அந்த அறிவையே முதலாக்கினார் ரெய்பைசன். தமிழில் பழைய நாளில் இச்சங்கங்களை ‘ஐக்கிய நாணயச் சங்கம்’ என்று வழங்கினார்கள். பொருள் பொதிந்த பெயர் அது. இன்று வழக்கொழிந்தது ஒரு குறையே.

திரூரிலிருந்து

சென்னை அரசாங்கம் 1892-இல் பிரடரிக் நிக்கல்சன் என்ற அதிகாரியை இத்தகைய நில வங்கிகளைப் பற்றி ஆராயப் பணித்தது. நம் மீன்வளத் துறைக்கு அடிகோலியவரும் அவரே. 1895-லும் 1897-லும் இரு பகுதிகளாக அவர் தந்த அறிக்கையின் சாரம், ரெய்பைசனைப் போன்ற ஒருவரை இந்நாட்டில் கண்டுபிடிக்க வேண்டும் என்பதே. சட்டத்தையோ கட்டடத்தையோ அவர் முதன்மையாகக் கேட்கவில்லை. ஊருக்காக உழைக்கும் ஓர் ஆளைக் கேட்டார்.

1904-இல் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் இயற்றப்பட்டது. அதே ஆண்டில், அந்நாளைய செங்கற்பட்டு ஜில்லாவைச் சேர்ந்த திரூரில் சென்னை ராஜதானியின் முதல் விவசாயக் கடன் சங்கம் பதிவாயிற்று. சங்கங்களின் எண்ணிக்கை விரைந்து பெருகியது. 1912-ஆம் ஆண்டுச் சட்டம் மத்திய வங்கிகளுக்கும், கடன் தவிர்த்த பிற சங்கங்களுக்கும் இடமளித்தது.

ஆனால் ஒரு வேறுபாட்டை மறைக்கலாகாது. ஹெட்டஸ்டார்ப் சங்கம் ஊரிலிருந்து எழுந்தது. நம் சங்கங்களிற் பல ரிஜிஸ்திராரின் அலுவலகத்திலிருந்து ஊருக்கு வந்தன. ஊரார் அவற்றைத் தம்முடையவை என எண்ணாமல், சர்க்கார் பணம் கொடுக்கும் இடம் என்று எண்ணினர். நிலம் உள்ளவரே உறுப்பினராயினர். அவருள்ளும் செல்வாக்கு உள்ளவரே நிர்வாகிகளாயினர். விதைப்புக்குக் கேட்ட கடன் களையெடுப்புக்கு வந்தது. தவணை நாளன்று லேவாதேவிக்காரரிடம் ஒரு வாரத்துக்குக் கைமாற்று வாங்கிச் சங்கத்தில் கட்டுவதும், சங்கம் மறுபடி தரும் கடனை எடுத்து அவருக்குக் கொடுப்பதும் பல ஊர்களில் வழக்கமாயின. புத்தகத்தில் வசூல் நூற்றுக்கு நூறு. உழவனுக்கோ, ஒரு வட்டிக்கு இரு வட்டி.

1938-ஆம் ஆண்டுச் சட்டம்

1929-இல் தொடங்கிய உலகப் பொருளாதார மந்தத்தில் நெல் விலை ஏறத்தாழப் பாதியாக வீழ்ந்தது. விலை வீழ்ந்தபொழுது கடன் வீழவில்லை. பத்து மூட்டை விற்று அடைக்க வேண்டிய கடனுக்கு இருபது மூட்டை தேவைப்பட்டது. ராஜாஜி முதன்மை மந்திரியாக இருந்தபொழுது, 1938-இல், சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் நிறைவேறியது.

அதன் போக்கை ஓர் உதாரணத்தால் விளக்குவோம். ஒரு விவசாயி 1925-இல் 500 ரூபாய் கடன் வாங்கினார் என்று கொள்வோம். 1932 அக்டோபர் முதல் நாளுக்கு முன் பெற்ற கடன் ஆகையால், 1937 அக்டோபர் முதல் நாள் வரை நிலுவையாயிருந்த வட்டி முழுவதும் தள்ளுபடியாகும். அசலில் நிற்பதை மட்டும் கட்டினால் போதும். அசலும் வட்டியுமாக அவர் ஏற்கெனவே 1,000 ரூபாய், அதாவது அசலைப்போல் இரு மடங்கு செலுத்தியிருப்பாராயின், கடன் முற்றிலும் தீர்ந்ததாகும். இனி வாங்கும் கடனுக்கு வட்டி ஆண்டுக்கு நூற்றுக்கு 6¼-க்கு மேற்படலாகாது என்றும் விதிக்கப்பட்டது.

எத்தனையோ குடும்பங்களின் நிலம் இச்சட்டத்தால் தப்பியது என்பதில் ஐயமில்லை. எனினும் வட்டிக்கு எல்லை கட்டியதும், 600 ரூபாய் கொடுத்து 1,000 ரூபாய்க்குப் புரோநோட்டு எழுதி வாங்கும் தந்திரம் சட்டத்தின் கண்ணுக்குத் தப்பியது. கடன் கொடுக்க வேறு ஆள் இல்லாத ஊரில், வாங்குபவனே அத்தந்திரத்துக்கு உடன்பட்டான். இரண்டாம் உலகப் போரின் காலத்தில் விளைபொருள் விலை ஏறியது. பெரிய நிலக்காரர்களின் கடன் குறைந்தது. நிலமற்ற கூலியாட்களின் கடனோ கூடியது. விற்பதற்கு நெல் இல்லாதவருக்கு விலையேற்றத்தால் என்ன பயன்? ஒரே ஊரின் ‘கிராமக் கடன்’ என்று நாம் பேசும்பொழுது, அது எவருடைய கடன் என்று கேட்பது இதனாலேயே அவசியமாகிறது.

நூற்றுக்கு மூன்று

1951-இல் தொடங்கி 1954-இல் வெளியான அகில இந்தியக் கிராமக் கடன் ஆய்வு, கூட்டுறவு அன்பர்களை அதிரச் செய்தது. ஐம்பதாண்டு முயற்சிக்குப் பின்னரும் உழவர் பெற்ற கடனில் கூட்டுறவுச் சங்கங்கள் அளித்தது நூற்றுக்கு 3.1 பங்கே. அரசாங்கம் 3.3, வணிக வங்கிகள் ஒரு பங்குகூட இல்லை. லேவாதேவிக்காரர்களின் பங்கு நூற்றுக்கு ஏறத்தாழ 70.

இயக்கத்தைக் கைவிடுவோம் என்று ஆய்வுக் குழு சொல்லவில்லை. சங்கங்களின் பங்கு மூலதனத்தில் அரசாங்கமும் சேர வேண்டும். கடனையும் விற்பனையையும் இணைக்க வேண்டும். நிலத்தின் மதிப்பைப் பாராமல் பயிரின் தேவையைப் பார்த்துக் கடன் தர வேண்டும் என்று பரிந்துரைத்தது. இன்று நாம் அறிந்த பயிர்க்கடன் முறை அவ்வழியில் வளர்ந்ததே. பின்னர் 1969-இல் 14 வங்கிகள் நாட்டுடைமையாயின. 1975-இல் வட்டாரக் கிராம வங்கிகள் தோன்றின. 1982-இல் நபார்டு அமைந்தது.

இவற்றின் பயனைக் குறைத்து மதிப்பிடலாகாது. 2019-இல் மத்திய அரசின் மாதிரி ஆய்வு நிறுவனம் நடத்திய 77-ஆவது சுற்று ஆய்வின்படி, இந்திய விவசாயக் குடும்பங்களின் நிலுவைக் கடனில் நூற்றுக்கு 69.6 பங்கு வங்கி, கூட்டுறவு, அரசு ஆகியவற்றைச் சேர்ந்தது. தொழில்முறை லேவாதேவிக்காரர் பங்கு 20.5. இரு ஆய்வுகளின் கணக்குமுறை வேறாயினும், இடம் மாறியிருப்பது கண்கூடு. தமிழ்நாட்டில் கூட்டுறவுப் பயிர்க்கடனைத் தவணைக்குள் திருப்பிச் செலுத்துவோர்க்கு வட்டியே இல்லை. 1875-இன் சூபாக் குடியானவர் கனவிலும் காணாத நிலை இது. ஆனால் அதே ஆய்வு, தமிழ்நாட்டு விவசாயக் குடும்பங்களில் நூற்றுக்கு 65.1 கடனில் இருப்பதாகவும், குடும்பம் ஒன்றின் சராசரிக் கடன் 1,06,553 ரூபாய் என்றும் கூறுகிறது.

இடையிடையே அரசுகள் கடன் தள்ளுபடியும் செய்துள்ளன. தமிழ்நாட்டில் 2006-இலும் 2016-இலும் 2021-இலும் கூட்டுறவுக் கடன்கள் தள்ளுபடி செய்யப்பட்டன. 2021-இல் மட்டும் 16.43 லட்சம் விவசாயிகளின் 12,110 கோடி ரூபாய் தள்ளுபடியாயிற்று. புயலாலும் வறட்சியாலும் நொந்தவர்க்கு இது பெரும் ஆறுதலே. எனினும் சங்கத்தின் புத்தகத்தில் பெயர் உள்ளவர்க்கே தள்ளுபடி பொருந்தும். வாய்மொழிக் குத்தகைக்கு உழுது, மனைவியின் தாலிக்கொடியை அடகுவைத்து உரம் வாங்கியவரின் கடன் எந்தப் புத்தகத்திலும் இல்லை. ஆகையால் எந்த அரசாணையும் அதைத் தொடுவதில்லை.

புத்தகத்தில் இல்லாதவர்கள்

இவ்வாறு வெளியே நிற்பவர்களைப் பற்றியே இனிச் சொல்ல வேண்டும். முன்பணம் வாங்கிய கூலியாளை அக்கடனுக்காகவே வேலையில் கட்டிவைப்பதை 1976-ஆம் ஆண்டுக் கொத்தடிமைத் தொழிலாளர் முறை ஒழிப்புச் சட்டம் குற்றமாக்கியது, அக்கடனையும் செல்லாததாக்கியது. 2003-இல் தமிழ்நாடு அதிக வட்டி வசூலித்தல் தடைச் சட்டம், கந்து வட்டி, மீட்டர் வட்டி, நாள் வட்டி, தண்டல் ஆகியவற்றைப் பெயர் சொல்லியே தடுத்தது. மூன்றாண்டு வரை சிறையும் உண்டு.

தண்டலின் கணக்கைப் பாருங்கள். 10,000 ரூபாய் என்று சொல்லி 8,500 ரூபாயைக் கையில் கொடுப்பார்கள். நாளொன்றுக்கு 100 ரூபாய் வீதம் 100 நாள் கட்ட வேண்டும். 1,500 ரூபாய்தானே என்று தோன்றும். ஆனால் அசலும் நாள்தோறும் திரும்பிக்கொண்டே இருப்பதால், ஆண்டுக் கணக்கில் வட்டி நூற்றுக்கு நூறையும் தாண்டுகிறது. சங்கத்தில் வட்டியில்லாக் கடன் இருக்க, இதை ஏன் ஒருவர் வாங்குகிறார்? குழந்தைக்குக் காய்ச்சல் கண்ட இரவில் சங்கம் திறந்திராது. தண்டல்காரர் வீட்டு வாசலுக்கே வருகிறார். பட்டாவும் அடங்கலும் கேட்பதில்லை. நிறுவனங்கள் இந்த எளிய உண்மையிலிருந்து கற்க வேண்டியது இன்னும் உண்டு.

சட்டம் இருந்தும் அது உரிய வேளையில் கைகொடாவிட்டால் என்ன நேரும் என்பதை 2017 அக்டோபரில் திருநெல்வேலியில் கண்டோம். கந்து வட்டிக் கொடுமை பற்றிப் பன்முறை மனுக் கொடுத்த ஒரு கூலித் தொழிலாளி, மனைவியோடும் இரு பெண் குழந்தைகளோடும் மாவட்ட ஆட்சியர் அலுவலக வளாகத்திலேயே தீக்கிரையாயினார். மனு ஒன்று ஒரு மேசையிலிருந்து மற்றொரு மேசைக்குப் போய்த் திரும்பும் காலத்தில் ஒரு குடும்பத்தின் பொறுமை முடிந்துபோகக் கூடும்.

ரெய்பைசன் கண்ட வழி நம்மிடையே மீண்டும் தழைத்தது பெண்களால்தான். 1989-இல் தருமபுரி மாவட்டத்தில் சர்வதேச விவசாய வளர்ச்சி நிதியத்தின் உதவியுடன் மகளிர் சுய உதவிக் குழுக்கள் தொடங்கப்பெற்றன. ஒரு தெருவைச் சேர்ந்த பன்னிரண்டு முதல் இருபது பெண்கள் சிறுகச் சேமித்துத் தமக்குள் கடன் கொடுத்தனர். அதன் பின்னரே வங்கியை நாடினர். சிற்றெல்லை, ஒருவரை ஒருவர் அறிதல், காரியம் சொல்லிக் கடன் பெறுதல் ஆகிய பழைய விதிகள் எல்லாம் அங்கே இருந்தன. நிலப்பட்டா எவரும் கேட்கவில்லை.

ஆனால் அந்த ஒற்றுமையையே ஈடாகக் கொண்டு தனியார் நுண்கடன் நிறுவனங்களும் தெருவுக்குள் வந்தன. ஒருத்தி தவணை தவறினால் மற்றவர்களை அவள் வாசலில் உட்காரவைத்து வசூலிப்பதாகப் புகார்கள் எழுந்தன. கடன் வசூலில் வன்முறையையும் மிரட்டலையும் தடுக்கத் தமிழ்நாடு சட்டமன்றம் 2025-இல் ஒரு சட்டம் நிறைவேற்றியது. ஒருவர்க்கொருவர் துணை என்ற ஏற்பாடு ஒருவர்க்கொருவர் காவல் என்றாகிவிடாமல் பார்த்துக்கொள்வது குழுத் தலைவியரின் பொறுப்பு.

பஞ்சாயத்தின் கையில் உள்ளது

பஞ்சாயத்து வங்கியன்று, கடன் கொடுக்க அதற்கு நிதியில்லை. ஆனால் எந்த நிறுவனத்திடமும் இல்லாத ஒன்று அதனிடம் உண்டு. இவ்வூரில் எந்த வயலை யார் உழுகிறார் என்பது அதற்குத் தெரியும்.

பயிர்க்கடனுக்குச் சிட்டாவும் அடங்கலும் வேண்டும். அடங்கலில் உண்மையில் பயிரிடுபவர் பெயர் இல்லாவிட்டால், சங்கத்தின் கதவு அவருக்குத் திறப்பது அரிது. குத்தகையாளரின் உரிமையைப் பதிவு செய்ய 1969-ஆம் ஆண்டிலேயே சட்டம் உண்டு. பதிந்தால் நிலத்தைத் திரும்பப் பெறுவார்கள் என்ற அச்சத்தால் குத்தகையாளரும், நிலம் கைவிட்டுப் போகும் என்ற அச்சத்தால் நிலக்காரரும் அதை நாடுவதில்லை. இருவரையும் எதிரெதிரே அமர்த்திப் பேசவைக்க ஊர்ப் பெரியவர்களால் இயலும். தாலுகா அலுவலகத்தால் இயலாது. பதிவுக்கு இணங்காத இடத்தில், நான்கு முதல் பத்துப் பேர் வரை சேர்ந்த கூட்டுப் பொறுப்புக் குழுவாகக் குத்தகையாளர்கள் கடன் பெறும் வழியும் இருக்கிறது. நிலம் ஈடில்லாத கடன் அது.

மே முதல் நாள் நடைபெறும் கிராம சபை இதற்கு ஏற்ற நாள். ஆடிப் பட்டத்துக்கு இரண்டு மாதங்களுக்கு மேல் இடைவெளி இருக்கும். கூட்டுறவுச் சங்கச் செயலாளரையும் கிராம நிர்வாக அலுவலரையும் அன்று அழைத்து, கடந்த ஆண்டு எத்தனை பேருக்கு எந்தத் தேதியில் பயிர்க்கடன் கைக்கு வந்தது என்று கேட்கலாம். சங்கத்தில் உறுப்பினர் ஆகாத உழவர்கள், குத்தகையாளர்கள், தம் பெயரில் பட்டா இல்லாமல் பயிரிடும் பெண்கள் ஆகியோரின் பட்டியலைத் தெருவாரியாக எழுதி அங்கேயே கொடுக்கலாம். விண்ணப்பங்கள் மே மாத இறுதிக்குள் சங்கத்தில் சேர்ந்துவிட்டால், ஜூலை நடுவில் விதைக்கு முன் பணம் கைக்கு வரப் போதிய காலம் உண்டு.